நான்காம் விடை

மூன்று புறமும் கடல் சூழ, நான்காம் புறத்தே ஒற்றை இரும்புக் கதவத்தோடு ஊரினின்று ஒதுங்கிக் கிடக்கும் அக்கருங்கல் நிலமுனையை, கற்றறிந்த நெஞ்சினீர், முதலில் காணுங்கள். கார்முகில் தாழக் கவிந்து, வானும் நீரும் ஒரே ஈயத் தகடாய் ஒட்டிக் கிடந்த அக்காலைப் பொழுதில், ஒரே அளவினவாய்ச் சமைத்த நூற்றுக்கணக்கான சாளரங்களோடு பாறை முதுகில் நீண்டு கிடந்தது கடற்படை மாணவர் கல்லூரி. அணிவகுப்புத் திடலில் தேங்கிய மழைநீரை இளைஞர் நால்வர் துடைப்பங்கொண்டு தள்ளிக்கொண்டிருந்தனர். தள்ளத் தள்ள அது பள்ளந்தேடித் திரும்பி வந்துகொண்டிருந்தது. கொடிமரத்துக் கயிறு காற்றில் அலைந்து கம்பத்தில் ஓயாது மோதியது. கீழே படகுத்துறையில் எட்டுப் பாய்ப்படகுகள் கட்டுண்டு அசைந்தன. அன்று இறுதித் தேர்வு நாள்.

அக்கல்லூரிக்கென ஒரு வழக்கம் உண்டு. அதைச் சொல்லாமல் இக்கதையைச் சொல்லுதல் இயலாது. அங்கே பயில வந்தோர், மேலவர் கேட்கும் எவ்வினாவிற்கும் நான்கே விடைகளுள் ஒன்றைத்தான் இறுக்கலாம். 'ஆம், ஐயா' என்பது ஒன்று. 'இல்லை, ஐயா' என்பது இரண்டு. 'அறிந்து சொல்கிறேன், ஐயா' என்பது மூன்று. 'ஏன்' என்று கேட்கப்படும் வினா எதுவாயினும் அதற்குரிய நான்காம் விடை, 'காரணம் இல்லை, ஐயா' என்பது. ஏன் காலந்தாழ்ந்தாய், ஏன் காலணி மங்கிற்று, ஏன் கயிறு அறுந்தது? உடம்பு காய்ந்திருக்கலாம், பக்கத்துக் கட்டில்காரன் காலணியை மாற்றி மாட்டிக்கொண்டு போயிருக்கலாம், கயிறே இற்றுப்போனதாய் இருந்திருக்கலாம். அதையெல்லாம் மூச்சு விடக்கூடாது. கப்பலை மூழ்கவிட்டுக் கரையேறி வந்து காரணம் சொல்லும் தலைவனால் ஆவதென்ன என்பது வழக்கத்தை வகுத்தோர் கருத்து. கேட்க நன்றாய்த்தான் இருக்கிறது. நன்றாய் இருக்கும் வழக்கங்களைத்தான் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்க்க வேண்டும். அங்கே அதை ஒருவரும் செய்ததில்லை.

பதினோராண்டுகளாய் அந்நான்கு விடைகளைப் புதிய மாணவர் நாவில் ஏற்றிவந்தவர் தேர்வாளர். நெட்டையாய், ஒடுங்கிய கன்னத்தோடு, நரையை மறைக்க முயலாத தலையோடு, வாழ்வில் ஒருநாளும் படியை இரண்டிரண்டாய்த் தாவி ஏறாதவர் அவர். பின்னாளில் கப்பலை ஒப்படைக்கத் தகுந்தவர் யாவர் என்று மாணவரிடையே கண்டு பிரித்தெடுப்பதே அவர் தொழில். அதற்கென அவரிடம் தடித்த அட்டையிட்ட தலைமை ஏடு ஒன்று இருந்தது. மாணவர் ஒவ்வொருவருக்கும் ஒரு பக்கம். பக்கத்திற்குப் பன்னிரண்டு கட்டங்கள். கட்டத்திற்குப் பத்து மதிப்பெண். நீச்சல், முடிச்சு, வான்நிலை அறிதல் எனத் தொடங்கும் அவற்றுள் ஒன்பதாம் கட்டத்தின் பெயர் 'பழியேற்றல்'. பிழை நேர்ந்தவிடத்துப் பிறரைச் சுட்டாது தானே தாங்கிக்கொள்ளும் பண்பு அது. மற்றக் கட்டங்களில் தாராளமாய் எழுதும் அவருடைய எழுதுகோலை இந்தக் கட்டத்திற்கு வந்தால் கஞ்சத்தனம் பிடித்துக்கொள்ளும். எட்டுக்குமேல் எவருக்கும் ஏறியதில்லை. முழுப் பத்தும் பெறத்தக்கவர் ஒருவரையேனும் தம் காலத்தில் கண்டுவிட வேண்டுமென்பது அவருடைய உள்ளார்ந்த ஏக்கம்.

அவ்வாண்டு அந்த ஏக்கம் ஒரு பெண்மேல் போய்ப் படிந்தது. ஆடையாலை ஒன்றில் நாள் முழுதும் சட்டைக்குக் கழுத்துப்பட்டி தைக்கும் தாயின் ஒற்றை மகள் அவள். உடன் பயின்றோர் அவளுக்கு வைத்த பெயர் 'நத்தை'. ஆணை எதுவும் இடுமுன் தன் கீழுள்ளோர் முகங்களை ஒவ்வொன்றாய்ப் பார்த்து முடித்த பின்னரே அவள் வாய் திறப்பாள். அவர்கள் பத்துப் பேரென்றால் பத்து முகமும் பார்த்தாக வேண்டும். அதற்குள் மற்றவன் பாதி வேலையை முடித்துவிடுவான் என்று கேலி பேசுவர். அவளை மிகுதியும் கேலி செய்தவன் அவளுடைய படகில் முகப்புப் பாய்க்குப் பொறுப்பான 'சுருட்டை'. தலைமயிரைச் சீப்பால் வெல்ல முடியாததால் வாய்த்த பெயர் அது. கேலி செய்தானேயொழிய, அவள் படகென்றால்தான் அவன் முதல் ஆளாய் வந்து ஏறுவான்.

ஆண்டுதோறும் ஒருவரைத் தலைமாணவராய்த் தெரிவு செய்வர்; அவர் நேரே கப்பல் தலைமைக்கான பயிற்சிக்குப் போவார்; மற்றவர் அவ்விடத்தை எட்டப் பத்தாண்டு ஆகும். தெரிவு செய்யும் மூவருள் தேர்வாளர் நீங்கலாக மற்ற இருவரும் நத்தையின் பெயரைக் கேட்டதும் உதட்டைப் பிதுக்கினர். நல்லவள்தான், ஆனால் ஆபத்து வந்தால் அவள் முகம் பார்த்து முடிப்பதற்குள் கப்பல் அடியில் போய்ச் சேரும் என்றார் ஒருவர். தேர்வாளர் விடவில்லை. விரைந்து சொல்பவன் பின்னால் ஆட்கள் ஓடுவார்கள், முகம் பார்த்துச் சொல்பவள் பின்னால் நம்பி நடப்பார்கள் என்று வாதாடினார். இறுதித் தேர்வில் அவள் படகிலேயே தாம் அமர்வதாகவும், எவருக்கும் வைக்காத கடுந்தேர்வை அவளுக்கு வைப்பதாகவும், அதில் அவள் தேறினால் அவர்கள் வாயை மூடிக்கொள்ள வேண்டுமென்றும் சொல்லிவிட்டு வந்தார்.

சொல்லிவிட்டு வந்தவருக்கு ஓர் அச்சம். அவள் தோற்றுவிட்டால்? ஆகவே தேர்வுக்கு முன்நாள் மாலை, தாழ்வாரத்தில் அவளை நிறுத்தி, அவர் செய்யக்கூடாத ஒன்றைச் செய்தார். ஐயோ, அந்த ஒன்றை மட்டும் அவர் செய்யாதிருந்திருக்கலாம்.

"நாளைக்கு ஆள் விழுந்தான்னு குரல் வந்தா மூஞ்சி மூஞ்சியா பாத்துக்கிட்டு நிக்காதே. அடுத்த நொடி படகு திரும்பியிருக்கணும். புரியுதா?"

அவள் சற்று நேரம் அவர் முகத்தைப் பார்த்தாள். பிறகு, "ஆம், ஐயா" என்றாள்.

இனி அத்தேர்வின் முறையைச் சொல்லிவிடுகிறேன். கடலில் படகு செல்கையில், எதிர்பாரா வேளையில் தேர்வாளர் ஒரு பொய்யாளை நீரில் தள்ளுவார். தடித்த துணியும் தக்கையும் கொண்டு ஆள் உயரத்திற்குத் தைத்து, மாணவர் அணியும் அதே செம்மஞ்சள் மிதவைச் சட்டையை மாட்டிவிட்ட உருவம் அது. வேலையொன்றும் செய்யாமல் நன்றாய் உடுத்திக்கொண்டு பின்பலகையில் சாய்ந்திருப்பதால் மாணவர் அதற்கு 'மாப்பிள்ளை' என்று பெயரிட்டிருந்தனர். அதை மெய்யான ஆளாகவே எண்ணிப் படகைத் திருப்பி மீட்க வேண்டும். எவ்வளவு விரைவில் மீட்கிறார் என்பதே கணக்கு. பின்னால் காவலுக்கு ஒரு விசைப்படகு வரும். பொய்யாளைத் தள்ளுமுன் தேர்வாளர் சிறு மஞ்சட்கொடி ஒன்றை உயர்த்திக் காட்டுவார். விழுந்தது பொம்மைதான் என்று காவற்படகு விலகி நின்றுகொள்ளும். விதி அவ்வளவே, குழந்தைக்கும் புரியும்.

காலை ஒன்பது மணிக்கு நத்தை தன் படகை ஆயத்தம் செய்தாள். கயிறு, துடுப்பு, பாய் என ஒவ்வொன்றாய்த் தொட்டுப் பார்த்தவள் பின்பலகைக்கு வந்து பொய்யாளைக் கட்டிய கயிற்றை இருமுறை இழுத்துச் சோதித்தாள். "நல்லா கட்டி வையி, மாப்பிள்ளை ஓடிடப் போறாரு" என்று முகப்பிலிருந்து சுருட்டை குரல் கொடுக்க, படகே சிரித்தது. அவளும் சிரித்தாள். அச்சிரிப்பைத் தேர்வாளர் இறுதிவரை மறக்கவில்லை.

துறை நீங்கி ஒரு கல் தொலைவு சென்றதும் தென்மேற்கே கருமை திரண்டது. காற்று ஓங்கி, நின்று, மறுபடி ஓங்கியது. தேர்வாளர் காத்திருந்த வேளை அதுவே. பொய்யாளின் கட்டைப் பின்கையால் மெல்லத் தளர்த்தினார். மஞ்சட்கொடி அவர் மடியில் கிடந்தது, அதை எடுக்கவில்லை. முந்தைய மாணவர் பலர் அக்கொடி எழுவதைக் கடைக்கண்ணால் பார்த்து முன்கூட்டியே ஆயத்தமாகிவிட்டதை அவர் அறிவார். நத்தை கொடியைப் பார்த்துத்தான் தேறினாள் என்று நாளை எவனும் வாயைத் திறந்துவிடக்கூடாதே! அவளுக்கு நன்மை செய்வதாய் எண்ணித்தான் கொடியை மடியிலேயே விட்டார். காற்றின் பேரடி ஒன்று வந்து படகு சாய, அவள் பாயைத் திருப்ப ஆணையிட்ட அதே நொடியில், காலால் பொய்யாளை நீரில் உந்தினார். சுக்கானைப் பிடித்திருந்த அவள் முழங்காலுக்கும் அவர் காலுக்கும் இடையே ஒரு சாண் தொலைவு இல்லை. அவள் கண்டாள். அவள் கண்டதை அவரும் கண்டார்.

அந்நொடியிலேயே முகப்பிலிருந்து, "ஆள் கடல்ல! ஆள் கடல்ல!" என்று குரல் எழுந்தது.

வேறொரு நாளாயின் அவள் முகங்களைப் பார்த்திருப்பாள். அன்று பார்க்கவில்லை. சொன்ன சொல்லைத் தட்டாத பிள்ளை அவள். அடுத்த நொடியே படகைத் திருப்பினாள். வலப்புறத்தே செம்மஞ்சளாய் மிதந்த சட்டையை நோக்கி, அவர் பார்த்த மாணவர் எவரும் செய்யாத விரைவோடும் செம்மையோடும் செலுத்தினாள். கொடி எழாததால் விழுந்தது மெய்யாள் என்றே நம்பிய காவற்படகும் அதே சட்டையை நோக்கிச் சீறி வந்தது. தேர்வாளர் கைக்கடிகையைப் பார்த்தார். உள்ளம் துள்ளியது. இதைவிட விரைந்த மீட்பு அவருடைய ஏட்டிலேயே இல்லை.

பொய்யாளை இழுத்துப் படகில் போட்டார்கள். நீர் சொட்ட அது பலகையில் சாய்ந்து அமர்ந்தது. அப்போதுதான் அவள் தலைநிமிர்ந்து, தன் பழைய வழக்கப்படி முகங்களைப் பார்க்கத் தொடங்கினாள். ஒன்பது இருக்க வேண்டும். எட்டுத்தான் இருந்தன. மறுபடி எண்ணினாள்.

"சுருட்டை எங்க?" என்றாள்.

பாய் திரும்பியபோது அதன் அடிக்கழி அவன் பிடரியில் மோதி, இடப்புறம் தள்ளிவிட்டிருந்தது. குரல் எழுந்தது அவனைக் கண்டுதான். குரல் கொடுத்தவனோ, படகு உடனே திரும்பியதும் அவனைத்தான் எடுக்கப் போகிறோம் என்றெண்ணி இரு கையாலும் கயிற்றை இழுப்பதில் முனைந்துவிட்டான். நினைவிழந்தவன் முகங்கவிழ்ந்து, பாயின் மறைவில், அலைகளுக்கிடையே ஆறு நிமிடம் கிடந்திருக்கிறான். எடுத்தார்கள், கிடத்தினார்கள், மார்பை அழுத்தினார்கள், கரை சேரும்வரை நத்தையே மாறி மாறி மூச்சூதினாள். உயிர் திரும்பவில்லை. அவன் தலைமயிர் மட்டும் காற்றில் காய்ந்து மறுபடி சுருளத் தொடங்கியிருந்தது.

அன்று மாலை தேர்வாளர் அனைத்தையும் எழுதிக் கொடுத்துவிடவே எண்ணினார். இதை நான் அவருக்காகச் சொல்லித்தான் ஆகவேண்டும். அவர் பிறவிப் பொய்யர் அல்லர். தாளை எடுத்துத் தேதியும் இட்டார். அவ்வேளையில் உள்ளே வந்தவர், அச்சாவைப் பற்றி விசாரிக்கும் உசாவலுக்கு அவைத்தலைவராய் அமர்த்தப்பட்டவர்; இளமையில் அதே கல்லூரியில் அடுத்தடுத்த கட்டிலில் படுத்து உறங்கிய தோழர். தோளில் கைபோட்டு, இரண்டு கோப்பைத் தேநீர் வரவழைத்து, வரும் மாதம் கல்லூரித் தலைமை உனக்குத்தான் என்று உறுதியாகிவிட்ட வேளையில் இப்படியாகிவிட்டதே என்று வருந்தினார்.

"அந்தக் காத்துல பொம்மையோட கட்டு அவுந்திருக்கும். அப்படித்தானேடா?"

தேர்வாளர் தலையசைத்தார். அவ்வளவே. ஒரு தலையசைப்பு, அதற்குக் கழுத்தில் எவ்வளவு வலிமை வேண்டியிருக்கும்! ஆனால் தோழர் அதை எழுதிக்கொண்டார், எழுதியதைத் தட்டச்சிட்டார்கள், தட்டச்சிட்டதன் அடியில் கையெழுத்துக் கேட்டு நீட்டினார்கள். மூன்று இடத்திலும் மறுக்க வழி இருந்தது. மூன்று இடத்திலும் மறுக்காமல், கையெழுத்தும் இட்டார். தேதியிட்ட தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

ஒன்பதாம் நாள் அவை கூடிற்று. பச்சைத்துணி விரித்த நீண்ட மேசைக்கு அப்பால் அவைத்தலைவர் உட்பட மூவரும், ஓரத்து நாற்காலியில் சான்றாளராய்த் தேர்வாளரும் இருக்க, தொப்பியை அக்குளில் இடுக்கியவளாய் நத்தை வந்து நின்றாள். கண்ணுக்கடியில் கருமை படர்ந்திருந்ததேயன்றி நிற்பதில் ஒரு குறை காண முடியாது. கட்டு ஏன் அவிழ்ந்தது என்று கேட்டார்கள்.

"காரணம் இல்லை, ஐயா."

அவைத்தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். "கூட இருக்கிறவங்கள எண்ணிப் பாக்காம ஏன் திருப்பினே? நீ எப்பவும் எண்ணுறவதானேம்மா?"

அவள் ஓரத்து நாற்காலியின் பக்கம் திரும்பவில்லை. திரும்பியிருந்தால் ஒருவேளை அவர் எழுந்திருப்பார். அதனாலேயே அவள் திரும்பவில்லை போலும். "காரணம் இல்லை, ஐயா" என்று அதே குரலில் சொன்னாள். மேசைக்கப்பாலிருந்த மூவரும் அவ்விடையைச் சொல்லி வளர்ந்தவர்களே. அவள் நின்ற நிமிர்வைக் கண்டு மூவர் நெஞ்சும் நெகிழ்ந்தது. ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டதாகவும் சொல்வார்கள். நெகிழ்ந்த கையாலேயே 'கேட்ட எதற்கும் காரணம் கூற இயலவில்லை, தலைமைக்குத் தகுதியில்லை, கல்லூரியினின்று நீக்குக' என்று எழுதிக் கையொப்பமிட்டார்கள். எந்த விடையைச் சொல்லக் கற்பித்தார்களோ அந்த விடையையே குற்றமாய் எழுதினார்கள். இதில் முரண் ஏதும் இருப்பதாய் ஒருவருக்கும் தோன்றவில்லை என்பதை நினைத்தால்தான் எனக்கு இன்றுவரை வயிறெரிகிறது.

அன்று பிற்பகல் தேர்வாளர் தம் அறையில் தலைமை ஏட்டைத் திறந்து நத்தையின் பக்கத்தை எடுத்தார். நீக்கப்பட்டோர் பக்கத்தைக் குறுக்கே கோடிட்டு அடிக்குமுன் கட்டங்களை நிறைவுசெய்தல் முறை. ஒன்பதாம் கட்டத்தில் எழுதுகோல் நெடுநேரம் நின்றது. பின்பு பத்து என்று எழுதினார். பதினோராண்டாய்த் தேடிய ஆள் கிடைத்துவிட்டாள். எழுதிய ஈரம் உலருமுன்பே அளவுகோலை வைத்து, பக்கத்தின் ஒரு மூலையினின்று மறு மூலைவரை கோட்டை இழுத்தார்.

சுருட்டை இறந்த மூன்றாம் வாரம் நத்தையை அழைத்துப்போகத் தாய் வந்தாள். வாயிலை ஒட்டிய வரவேற்பறையில், மழை சொட்டும் குடையைச் சுவரோரம் சார்த்திவிட்டு, மரப்பலகையின் நுனியில் அமர்ந்திருந்தாள். முந்தானையில் வெள்ளை நூல் துணுக்குகள் ஒட்டியிருந்தன. மகள் இரும்புப் பெட்டியருகே கல்லூரிச் சின்னம் கழற்றிய வெறுங்கழுத்துச் சட்டையோடு நின்றாள். ஒப்படைப்புத் தாளில் கையொப்பமிட வந்த தேர்வாளரைக் கண்டதும் தாய் எழுந்து கைகூப்பினாள். இவளுக்கு எப்போதும் நல்லது சொன்னவர் நீங்கள்தானாம், கடிதத்தில் எல்லாம் எழுதுவாள் என்று நன்றி சொன்னாள். நன்றி! அவர் குனிந்து தாளில் கையொப்பமிட்டார். பிறகு அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"ஐயா, நீங்க அந்தப் படகுலயே இருந்தீங்களாம். நானும் இருபது நாளா கடுதாசி போட்டுக் கேக்குறேன், ஏம்மா அந்தப் பையன விட்டுட்டுப் போனேன்னு. காரணம் இல்லைங்கறா. பெத்தவகிட்டயும் அதேதான். அந்தப் பையனோட அப்பா எங்க வீட்டு வாசல்ல வந்து நின்னாரு. ஒண்ணும் பேசல. நின்னு பாத்துட்டுப் போயிட்டாரு. மறுபடி வந்தா நான் என்ன சொல்றது? வேலை போனா போகட்டும், நாங்க தச்சுப் பொழச்சுக்குவோம். என் பொண்ணு ஏன் அப்படிப் பண்ணுச்சுன்னு மட்டும் சொல்லுங்க."

அப்போதுதான் நத்தை தலைநிமிர்ந்து, அந்நிகழ்வுக்குப்பின் முதன்முறையாக, அவர் முகத்தைப் பார்த்தாள். அதில் சினம் இல்லை; கெஞ்சல் இல்லை; ஆணையிடுமுன் தன் ஆட்களைப் பார்ப்பாளே, அதே பார்வை. பொய்யாளைத் தள்ளியது நான், முகங்களைப் பார்க்காதே என்று சொன்னதும் நான்: இதைச் சொல்ல எவ்வளவு மூச்சு வேண்டும்? தேதியிட்ட தாள் சட்டைப்பையில் நான்காய் மடிந்து கிடந்தது. அதைத் தொட்டுக்கூடப் பார்த்தார். வெளியே திடலில் புதிய மாணவர் ஓங்கிய குரலில் நான்கு விடைகளையும் ஒப்பித்துக்கொண்டிருந்தனர்.

"காரணம் இல்லை, அம்மா" என்றார் தேர்வாளர்.

நத்தை அவரை மேலும் சிறிது நேரம் பார்த்தாள். முகங்களை எண்ணி முடித்து ஒன்று குறைவதைக் கண்டுகொண்டவள் போலப் பார்வையை எடுத்துக்கொண்டு, குனிந்து பெட்டியைத் தூக்கினாள். "வாம்மா, மழை வலுக்குறதுக்குள்ள போயிடலாம்" என்றாள். தாய் குடையை விரித்தாள். ஒரே குடையின்கீழ் இருவரும் இரும்புக் கதவத்தைக் கடந்து, ஈரச் சாலையில் சிறுத்துப் போனார்கள்.

கற்றறிந்த நெஞ்சினீர், பிறர்மேல் பழி சுமத்தாதவரைத் தலைவர் என்கிறோம். அவர் சுமக்கும் பழி எவருடையது என்று கேட்பாரில்லாத இடத்தில், அப்பண்பே கயவர்க்கு நிழலாகிவிடுகிறது. அடுத்த மாதம் தேர்வாளர் கல்லூரித் தலைவரானார். உசாவலின் முடிவாய் அங்கே ஒரு புதிய விதி பிறந்தது: பொய்யாளை இனி இரட்டை முடிச்சிட்டுத்தான் கட்ட வேண்டும். ஆண்டுதோறும் இறுதித் தேர்வன்று அவரே துறைக்கு இறங்கி வந்து, கயிற்றைக் கையிலெடுத்து, முதல் முடிச்சையும் அதன்மேல் இரண்டாம் முடிச்சையும் மாணவர்க்குப் போட்டுக் காட்டுகிறார். அவர்கள் உற்றுப் பார்க்கிறார்கள். 'ஆம், ஐயா' என்கிறார்கள். ஏன் இரண்டு என்று கேட்கும் வழக்கம் அங்கே இல்லை.